ஸ்பெக்ட்ரம்: திருசியமா, அலைக்கற்றையா?

இலங்கைத் தமிழ் விஞ்ஞானப் பாடநூல்களில் ஸ்பெக்ட்ரத்துக்கு நாங்கள் படித்த சொல் ‘திருசியம்’. இலத்தீனில் ஸ்பெக்ட்ரம் என்றால் தோற்றம். பார்த்தல் என்னும் வினையடியிற் பிறந்தது. 17ஆம் நூற்றாண்டில் நியூட்டன், அரியத்தினூடே வெண்ணிற ஒளி பிரிந்து காட்டிய நிற வரிசைக்கு அப்பெயரை இட்டார். காணப்படுவது என்று பொருள்தரும் வடமொழித் ‘திருசியம்’ அந்த மூலத்துக்கு மிகவும் நெருக்கமானது. தமிழகத்தில் ‘நிறமாலை’ என்றனர்.

கைபேசிச் செய்திகளைச் சுமக்கும் வானொலி அலைகளின் வரிசையையும் ஸ்பெக்ட்ரம் என்றே சொல்வர். அந்தக் கைபேசி அலையோ கண்ணுக்குத் தெரிவதில்லை. அதற்கு நிறமும் இல்லை. ஆகவே தொலைத்தொடர்புக் கொள்கையைப் பேசும்போது, இந்தியாவின் 2ஜி (கைபேசி அலை ஒதுக்கீட்டு முறைகேட்டு) வழக்கின் காலத்தில் தமிழக இதழ்கள் பரவலாக்கிய ‘அலைக்கற்றை’யே ஏற்றது என்பது என் துணிபு. திருகோணமலை மாவட்டத்துக் கந்தளாயிலோ மூதூரிலோ அரிந்த நெற்கதிரைக் கைநிறையச் சேர்த்துக் கட்டியவருக்குக் கற்றை எதுவென்று சொல்ல வேண்டியதில்லை. அதைப் பிரிக்கலாம், பங்கிடலாம். யாருக்கு எவ்வளவு என்ற கேள்வியும் உடனே எழும்.

ஒரே இடத்தில் ஒரே மீடிறனை (அலை ஒரு நொடியில் அதிரும் எண்ணிக்கையை) இருவர் பயன்படுத்தினால் அலைகள் ஒன்றையொன்று குழப்பும் என்பதால் பங்கீடு தவிர்க்க முடியாதது. இலங்கையில் அப்பொறுப்பு தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவிடம் உள்ளது. அதிகாரிகள் தம் விருப்பப்படி வழங்குவதைவிட விலையே பங்கிடட்டும் என்று பொருளியலாளர் ரொனால்ட் கோஸ் 1959இல் வாதிட்டார்; அமெரிக்கா 1994இல் ஏலத்தைத் தொடங்கியது. ஆனால் வருமானத்தையே பெரிதாக எண்ணி அரசு விலையை உயர்த்தினால் ஏலமும் பயனற்றுப் போகும். இந்தியாவில் 2016இல் 700 மெகாஹேர்ட்ஸ் கற்றைக்கு வைத்த அடிப்படை விலை மிக அதிகமாக இருந்ததால் ஒருவரும் வாங்கவில்லை; 2022இல் விலை பெரிதும் குறைக்கப்பட்ட பின்னரே அது விலைபோனது. 700 மெகாஹேர்ட்ஸ் போன்ற குறைந்த மீடிறன் அலை நெடுந்தூரம் செல்லும், சில கோபுரங்களே போதும். கிராமங்களுக்கு மிகவும் வேண்டிய கற்றைதான் அத்தனை ஆண்டுகள் சும்மா கிடந்தது.

இதன் பொருள் மூதூரை அடுத்த கொட்டியாரக் குடாவில் விளங்கும். படகு கரையை விட்டு விலக விலகக் கைபேசியின் சிக்னல் கோடுகள் மூன்று, இரண்டு, ஒன்று எனக் குறைகின்றன. கடைசிக் கோடு எவ்வளவு தூரம் தாக்குப்பிடிக்கும் என்பதில், கரையிலுள்ள கோபுரத்துக்கு எந்தக் கற்றை ஒதுக்கப்பட்டது என்பதற்கும் பங்குண்டு.

நெற்கற்றையோடு உள்ள ஒப்புமை ஓரிடத்தில் முறிகிறது. நெல் உண்டால் தீரும், உண்ணாவிட்டால் களஞ்சியத்தில் இருக்கும். அலையோ பயன்படுத்தினாலும் தீராது, பயன்படுத்தாத நாளைச் சேமிக்கவும் இயலாது. அரசு கைமாற்றுவது பொருளையன்று, குறித்த காலத்துக்கான அனுமதியையே. எனவே ‘அலைக்கற்றை விற்பனை’ என்று எழுதுவதை விட்டு ‘அலைக்கற்றை உரிமம்’ என்று எழுதலாம். ஒளியைப் படிக்கும் வகுப்பறையில் திருசியம் இருந்துகொள்ளட்டும்.