கொலையாளியை முன்னோட்டத்திலேயே பிடித்துக் கொடுக்காதீர்கள்

போன வாரம் அண்ணன் மகளிடம் கைப்பேசியை நீட்டினேன். பள்ளி விடுதியில் ஒரு மாணவி காணாமல் போகும் தொடர், ஒன்றரை நிமிட முன்னோட்டம். படிவம் நான்கு படிக்கிற பிள்ளை. பார்த்து முடித்ததும், “அத்தை, அந்த கவுன்சலிங் டீச்சர்தானே செஞ்சாங்க?” என்றாள். அவரேதான். பத்து எபிசோட் உழைப்பு, பிரிக்பீல்ட்ஸ் கடையில் ஒரு தே தாரிக் ஆறுவதற்குள் முடிந்தது.

அந்த முன்னோட்டத்தை வெட்டித் தொகுத்தவள் நான். “கடைசி எபிசோட்ல ஒரு ஷாட்டாவது போடுங்க, காசெல்லாம் அதுலதான் போயிருக்கு” என்றார்கள் தயாரிப்பாளர்கள், தலையாட்டிவிட்டேன். இந்த ஆண்டில் இது மூன்றாவது முறை.

இருட்டும் அலறலும் சேர்ந்தால் மர்மம் என்று யார் சொல்லிக் கொடுத்தார்களோ! அது திடுக்கிடல். அரை வினாடியில் ஆறிவிடும். தெரிந்த இடம் கொஞ்சம் கோணலாகத் தெரிய வேண்டும், அதுதான் மர்மம். காலைச் சபைகூடல், வெயில், எல்லாரும் தேசிய கீதம் நெகாராகூ பாடுகிறார்கள். வரிசையில் ஓர் ஆள் நிற்கும் அளவுக்கு இடைவெளி. யாரும் அந்தப் பக்கம் திரும்பவில்லை. இதற்கு எதற்கு ரத்தம்? நள்ளிரவுக் காட்டில் முகமூடி ஓடினால் அது யார் வீட்டுக் கதையோ. சபைகூடல் பார்க்கிற பிள்ளைகளுடைய திங்கட்கிழமை.

நூறு ஆண்டுக்கு முன்பே ரஷ்யாவில் குலெஷோவ் என்ற திரைப்பட இயக்குநர் ஒரே முகத்தைச் சூப்புக் கிண்ணத்தோடும் சவப்பெட்டியோடும் ஒட்டிக் காட்டினார் என்பார்கள். பார்த்தவர்கள் ஒன்றில் பசியையும் மற்றதில் துக்கத்தையும் கண்டார்களாம். சிரிக்கும் தோழிக்கு அடுத்து பூட்டிய லாக்கரை வையுங்கள். கதை கசியாது, சந்தேகம் மட்டும் ஒட்டிக்கொள்ளும்.

ஸ்டூடியோவில் நெஞ்சை அதிர வைக்கும் அந்த அடிக்குரல் உறுமல் இருக்கிறதே, கைப்பேசி ஒலிபெருக்கியில் அது வரவே வராது. கறுப்பு ஃபிரேமில் பிள்ளைகள் பார்ப்பது எல்ஆர்டி ரயில் ஜன்னலோரம் தெரியும் தங்கள் முகத்தைத்தான். பள்ளி மணியை அடிக்க விட்டுப் பாதியில் அறுங்கள். பிறகு ஒரு வினாடி, நம் டிவி கணக்கில் 25 ஃபிரேம், மௌனம். போதும்.

கடைசி மூன்று எபிசோட் காட்சிகளை எடிட்டருக்கு அனுப்பவே அனுப்பாதீர்கள். உரிமை வாங்காத பாட்டைத் தற்காலிகமாகப் போட்டுவிட்டு அதன்மேல் காதல் கொள்ளாதீர்கள். கதை தெரியாத ஒரு பிள்ளைக்குப் போட்டுக் காட்டுங்கள்: “யாரு?” என்றால் சரி, “இவங்கதான்” என்றால் மறுபடி வெட்டுங்கள்.

ஒன்றை மட்டும் கெஞ்சியே கேட்கிறேன். தற்கொலைக் காட்சியைத் தூண்டிலாக்காதீர்கள். ஒரு மாணவியின் தற்கொலையைச் சொன்ன ‘தேர்ட்டீன் ரீசன்ஸ் வை’ தொடர் 2017இல் வந்தது. கண்டனங்களுக்குப் பிறகு அந்தக் காட்சியை நெட்ஃபிளிக்ஸ் 2019இல் நீக்கியது. தொடரையாவது பிள்ளைகள் தேடிப் போய்ப் பார்க்கிறார்கள். முன்னோட்டமோ விரலால் தள்ளும்போது தானாக ஓடுகிறது.

அந்த விடுதித் தொடரை மறுபடி வெட்டிவிட்டேன். டீச்சருக்கு இப்போது ஒரே ஷாட், அதுவும் முதுகு. அண்ணன் மகளிடம் காட்டிப் பயனில்லை, அவளுக்குத்தான் தெரிந்துவிட்டதே. வாயைத் திறக்காமல் ஒரு தோழியை அழைத்து வரச் சொல்லியிருக்கிறேன்.