கிராண்ட்மாஸ்டர்: சொல்லும் அதன் தமிழும்

கோலாலம்பூரில் தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளுக்கான சதுரங்கப் போட்டிக்கு அறிக்கை எழுத உட்கார்ந்தவர்களுக்கு இந்தச் சொல்லின் தொல்லை தெரியும். காய், கட்டம், சுற்று, புள்ளி எல்லாம் தமிழில் தானாக வந்துவிடும். சிறப்பு விருந்தினரின் பட்டத்தை எழுதும்போதுதான் கை நிற்கும். ஒருவர் ‘கிராண்ட்மாஸ்டர்’ என்றே எழுதுவார். இன்னொருவர் ‘பேராசான்’ என்பார். வேறொருவர் ‘சதுரங்க மேதை’ என்று போட்டுவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவார். ஜி.எம். என்று சுருக்கலாம் என்றால், நம்மூரில் பாதிப் பேருக்கு அதே பெயரில் கிள்ளானில் இருக்கும் மொத்த விலைக் கடைகள்தான் நினைவுக்கு வரும்.

முதலில் பொருள். இது புகழ்மொழி அல்ல. உலகச் சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடே தரும் பட்டம். உலக வாகையர் என்ற சிறப்பை விட்டுவிட்டால், ஓர் ஆட்டக்காரர் பெறக்கூடிய உயர்ந்த பட்டம் இதுதான். ஒருமுறை கிடைத்தால் ஆயுள் முழுக்க உண்டு. ஆட்டக்காரரின் வலிமையை அளக்கும் எண்ணான தரப்புள்ளி 2500-ஐ ஒருமுறையாவது தொட வேண்டும். அதோடு ‘நார்ம்’ எனப்படும் தகுதிநிலைகள் வேண்டும். வலுவான எதிராளிகளோடு ஆடும் ஒரு போட்டியில் 2600 தரத்துக்கு ஆடிக் காட்டினால் ஒரு தகுதிநிலை. பொதுவாக இப்படி மூன்று, மொத்தம் 27 ஆட்டங்களாவது சேர வேண்டும். சில பெரிய போட்டிகளை வென்றால் பட்டம் நேரடியாகவே கிடைக்கும். 2025-இல் மகளிர் உலகக் கோப்பையை வென்ற திவ்யா தேஷ்முக் ஒரு தகுதிநிலைகூட இல்லாமல் அப்படித்தான் பெற்றார்.

சொல் பிறந்த இடம் சதுரங்கப் பலகை அல்ல. ஐரோப்பாவில் ‘நைட்’ எனப்படும் வீரர்களின் சங்கத் தலைவருக்கும், பிறகு ஃப்ரீமேசன் என்ற சகோதரத்துவ அமைப்பின் தலைவருக்கும் இருந்த பதவிப் பெயர் அது. 1838-இல் ஓர் ஆங்கில இதழுக்கு எழுதிய வாசகர் வில்லியம் லூயிஸ் என்ற ஆட்டக்காரரை அப்படிக் குறிப்பிட்டார். சதுரங்கத்துக்குள் சொல் நுழைந்ததற்குக் கிடைக்கும் பழைய தடயம் அது. 1907-இல் பெல்ஜியத்தின் ஓஸ்டெண்டு நகரில் நடந்த போட்டியில் முதல் தட்டு ஆட்டக்காரர்களைத் தனியே பிரித்துக் காட்ட இந்தச் சொல் பயன்பட்டது.

1914 செயிண்ட் பீட்டர்ஸ்பர்க் போட்டியில் ரஷ்யப் பேரரசர் இரண்டாம் நிக்கோலஸ் தம் கையாலேயே லாஸ்கர், கபாபிளாங்கா, அலெகைன், டாராஷ், மார்ஷல் ஐவருக்கும் இந்தப் பட்டத்தை வழங்கினார் என்று ஒரு கதை உண்டு. சொல்லச் சுகமான கதை. ஆனால் அந்தக் காலத்துச் செய்தி எதிலும் அதற்குச் சான்று கிடைக்கவில்லை. கால் நூற்றாண்டு கழித்துத்தான் அச்சில் தலைகாட்டுகிறது. அறிக்கை எழுதுபவர்கள் இதை வரலாறாகச் சேர்க்காமல் இருப்பது நல்லது.

முறையான பட்டமாக ஃபிடே இதை அறிவித்தது 1950-இல். முதல் பட்டியலில் போட்வின்னிக், கெரெஸ், ஸ்மிஸ்லோவ், ரெஷெவ்ஸ்கி உட்பட 27 பேர். அதில் இருந்திருக்க வேண்டிய ஒருவர் இல்லை. பஞ்சாபில் பிறந்து, சர் உமர் ஹயாத் கானின் பணியாளாக லண்டனுக்குப் போன சுல்தான் கான். இந்திய முறை ஆட்டத்தில் ஊறியவர், ஐரோப்பிய விதிகளுக்குப் பழகி 1929, 1932, 1933 ஆண்டுகளில் பிரிட்டிஷ் வாகையரானார். ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக வாகையர் கபாபிளாங்காவையே வீழ்த்தினார். 1933-இல் எசமானரோடு ஊர் திரும்பியவர் பெரிய போட்டிகளுக்கு மீண்டும் வரவில்லை. பட்டியல் போட்டபோது அவரை யாரும் தேடவில்லை. 1966-இல் இறந்துபோனவருக்கு 2024-இல்தான் ஃபிடே மதிப்புறு பட்டம் கொடுத்தது. ஆட்டத்தின் வலிமையை அளக்கும் பட்டம் என்கிறோமே, ஆளின் இருப்பிடமும் அதில் ஓர் அளவுகோலாக இருந்திருக்கிறது.

ஆசியாவுக்கு வந்து சேர 1974 ஆயிற்று. அந்த ஆண்டு ஃபிலிப்பீன்ஸின் யூஜினியோ டோரே ஆசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டரானார். முதலாவது ஆசியக் குழுப் போட்டி நம் பினாங்கில் நடந்ததும், அதில் ஃபிலிப்பீன்ஸ் வென்றதும் அதே ஆண்டுதான். தமிழர் பக்கம் பார்த்தால், பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்த மானுவேல் ஆரோன் 1961-இல் இந்தியாவின் முதல் அனைத்துலக மாஸ்டரானார். ஒன்பது முறை தேசிய வாகையர். அவர் முன்னின்று நடத்திய சென்னை தால் சதுரங்கக் கழகத்தில் ஆடிப் பழகிய விஸ்வநாதன் ஆனந்த் 1988-இல் அடுத்த படியைத் தொட்டார். அனைத்துலக மாஸ்டருக்கும் கிராண்ட்மாஸ்டருக்கும் இடையிலான ஒரு படியை இந்தியா ஏற 27 ஆண்டு பிடித்தது.

சரி, தமிழுக்கு வருவோம். ‘பேராசான்’ ஏன் பொருந்தாது? நமக்கு மாஸ்டர் என்றால் சொல்லிக்கொடுப்பவர். சிலம்பம் கற்றுத்தருபவர் மாஸ்டர், கராத்தே வகுப்பு எடுப்பவர் மாஸ்டர். அந்தப் பழக்கத்தில்தான் ‘ஆசான்’ வந்து உட்கார்ந்துகொள்கிறது. இங்கே மாஸ்டர் என்பது தொழிலில் கை தேர்ந்தவரைக் குறிக்கிறது. குகேஷ் இந்தப் பட்டத்தைப் பெற்றபோது வயது 12 தாண்டி ஏழே மாதம். அந்தப் பிள்ளை யாருக்கு ஆசான்? பிரக்ஞானந்தாவைப் பயிற்றுவித்த ஆர்.பி. ரமேஷ் கிராண்ட்மாஸ்டரும்தான், ஆசானும்தான். ஆனால் பட்டம் அவருக்கு ஆடியதற்காகக் கிடைத்தது, கற்பித்ததற்காக அல்ல. இதே தவறை மலாயில் செய்து பாருங்கள், ‘குரு பெசார்’ என்று வரும். குகேஷைத் தமிழ்ப்பள்ளித் தலைமையாசிரியர் ஆக்கிவிடுவோம்.

‘மேதை’, ‘வித்தகர்’ இரண்டும் பாராட்டுகள். மேடையில் சொல்லலாம், சான்றிதழில் எழுதினால் பட்டம் எது, புகழ்ச்சி எது என்று தெரியாமல் போகும்.

நான் ‘வல்’ என்ற வேர்ப்பக்கம்தான் சாய்வேன். மாஸ்டருக்கு வல்லுநர், அனைத்துலக மாஸ்டருக்கு அனைத்துலக வல்லுநர், கிராண்ட்மாஸ்டருக்குப் பெருவல்லுநர். படிநிலையும் தெளிவாக நிற்கும். இதில் இன்னொரு சுவையும் இருக்கிறது. ‘வல்’ என்று பழந்தமிழில் ஓர் ஆட்டமே உண்டு. அதன் காய்க்கு ‘நாய்’ என்று பெயர். தொல்காப்பியம் இந்தச் சொற்கள் புணரும் விதத்துக்கு விதி சொல்கிறது. புறநானூற்றின் 52-ஆம் பாட்டில் நரைத்த கிழவர்கள் காய் வைத்து வைத்துக் குழிந்துபோன ஆடுகளம் வருகிறது. ஊர் பாழாகி, அந்தக் குழிகளில் காட்டுக்கோழி முட்டையிடுகிறதாம். அது சதுரங்கம்தான் என்று யாரும் குதிக்க வேண்டாம், அப்படிச் சொல்ல ஆதாரம் இல்லை. வல்லமையைச் சொல்லும் வேரும் ஆட்டத்தின் பெயரும் ஒலியில் ஒன்றிப்போனது என்றளவில் ரசித்தால் போதும். நீடாமங்கலம் அருகே திருப்பூவனூரில், அரசகுமாரியைச் சதுரங்கத்தில் வென்று மணந்ததாகத் தலக்கதை சொல்லும் சிவனுக்குப் பெயர் சதுரங்க வல்லபநாதர். வல்லபர் என்பது வடசொல். என்றாலும் பட்டத்தை ஆசானுக்குக் கொடுக்காமல் ஆட்டத் திறத்துக்குக் கொடுத்தவர்கள் நமக்கு முன்பே இருந்திருக்கிறார்கள்.

மலாய்க்காரர்கள் ஆட்டத்தையே ‘சாத்துர்’ என்கிறார்கள். யானை, குதிரை, தேர், காலாள் என்ற நாற்படையைக் குறித்த சதுரங்கத்தின் முன்பாதிதான் அது. ராஜாவும் மந்திரியும் அவர்கள் பலகையிலும் அதே பெயரில் நிற்கிறார்கள்.

கடைசியாக, செய்திகளில் அடிக்கடி குழம்பும் ஓர் இடம். ‘பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்று எழுதினால் இரண்டு பொருள் வரும். 2300 தரப்புள்ளியோடு கிடைக்கும் மகளிருக்கான தனிப் பட்டம் ஒன்று. ஆண், பெண் வேறுபாடு இல்லாத 2500 பட்டம் மற்றொன்று. பின்னதை முதலில் பெற்ற பெண் ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி, 1978-இல். இந்தியாவில் ஹம்பி, ஹரிகா, வைஷாலி, திவ்யா என்ற வரிசையில் வந்தார்கள். முன்னதை ‘மகளிர் பெருவல்லுநர்’ என்றும், பின்னதை எந்த முன்னொட்டும் இல்லாமல் ‘பெருவல்லுநர்’ என்றும் எழுதினால் சிக்கல் தீரும். வைஷாலி 2018-இல் மகளிர் பெருவல்லுநர் ஆனார். 2023 டிசம்பரில் 2500-ஐத் தாண்டிப் பெருவல்லுநர் தகுதியை எட்டினார். தம்பி பிரக்ஞானந்தா ஏற்கெனவே அங்கே இருந்ததால், இருவரும் உலகின் முதல் அக்கா, தம்பி இணை ஆனார்கள்.