எலும்பைக் கழற்றி வைத்திருக்கிறோம்

இரவு இரண்டரை மணி இருக்கும். தியேட்டரிலிருந்து வெளியே வந்து, வாசலில் காத்திருந்த, தலையில் அடிபட்டு வந்த ஒரு பையனின் அம்மாவிடம் சொன்னேன்: "ஆபரேஷன் முடிஞ்சுதும்மா. எலும்பை எடுத்துட்டோம்."

அந்தம்மா அப்படியே தரையில் சரிந்து, மாரில் அடித்துக்கொண்டு அழ ஆரம்பித்துவிட்டார். கூட வந்திருந்த நான்கைந்து ஆண்கள் என்னைச் சூழ்ந்துகொண்டார்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. ஸ்டாஃப் நர்ஸ்தான் என்னை ஓரமாக இழுத்து, "சார், எலும்பு எடுக்கிறதுன்னா எங்க ஊர்ல சுடுகாட்டுக்கு மறுநாள் போய் எடுக்கிறது சார்" என்றார்.

நான் சொன்னது மண்டை ஓட்டில் கழற்றிய ஒரு துண்டை. பையன் உயிரோடுதான் இருந்தான். வென்டிலேட்டரில் இருந்தான், அவ்வளவுதான். அதை அந்தம்மாவை நம்பவைக்க, ஐ.சி.யூ. கண்ணாடி வழியாக மானிட்டரில் ஓடும் பச்சைக் கோட்டைக் காட்ட வேண்டியிருந்தது. அன்றைக்குப் பிறகு நான் அந்த வாக்கியத்தைச் சொல்வதில்லை. "எலும்பைக் கழற்றி வச்சிருக்கோம், வீக்கம் வடிஞ்சதும் திரும்ப மாட்டிடுவோம்" என்கிறேன். கேட்க கார் மெக்கானிக் பேச்சு மாதிரிதான் இருக்கிறது. ஆனால் யாரும் தரையில் உட்கார்வதில்லை.

அவர்களிடம் கையெழுத்து வாங்கிய படிவத்தில் இருந்த சொல் 'டிகம்ப்ரெஸிவ் கிரேனியெக்டமி'. 'டிகம்ப்ரெஸிவ்' என்றால் அழுத்தத்தைக் குறைக்கிற. அதே வாரம் பக்கத்துப் படுக்கையில் கட்டி எடுத்த பெண்ணின் படிவத்தில் இருந்தது 'கிரேனியாட்டமி'. இரண்டு குடும்பமும் காரிடாரில் பேசிக்கொண்டபோது, ரெண்டும் ஒன்றுதான், டாக்டர்கள் எழுத்தை மாற்றி எழுதுகிறார்கள் என்று முடிவுக்கு வந்திருந்தார்கள். ஒன்றில்லை. அந்த இரண்டு எழுத்து வித்தியாசத்தில்தான் அடுத்த ஆறு மாத வாழ்க்கையே இருக்கிறது.

பின்னால் வரப்போகும் 'கிரேனியோபிளாஸ்டி'யையும் சேர்த்தால் சொல் மூன்று. மூன்றுக்கும் வேர் கிரேக்கம். 'கிரேனியோ' என்றால் மண்டை ஓடு. பின்னால் 'ஆட்டமி' என்று முடிந்தால் வெட்டித் திறப்பது. 'எக்டமி' என்று முடிந்தால் வெட்டி வெளியே எடுப்பது. அப்பெண்டிக்ஸை எடுத்தால் அப்பெண்டிசெக்டமி என்பது இதே கணக்குதான். 'பிளாஸ்டி' என்றால் உருவம் கொடுத்துச் சீர்செய்வது. ஆக, கிரேனியாட்டமி என்றால் எலும்பைக் கதவு மாதிரித் திறந்து, உள்ளே வேலையை முடித்து, அதே எலும்பை அப்போதே மூடிவிடுவது. கிரேனியெக்டமி என்றால் கதவைக் கழற்றிய பிறகு மாட்டாமல் தோலை மட்டும் தைத்து வெளியே வருவது. சில மாதம் கழித்துக் கதவை மாட்டப் போவது கிரேனியோபிளாஸ்டி.

ஊர்ப் பெரியவர்கள் யாராவது கூட வந்தால் தேரையர் கதை வந்துவிடும். அரசனின் மண்டைக்குள் தேரை புகுந்துகொண்டது, அகத்தியர் கபாலத்தைத் திறந்தார், சீடர் தண்ணீர்க் கிண்ணத்தைக் காட்டினார், தேரை குதித்தது, மூடிவிட்டார்கள். நான் மறுத்துப் பேசுவதில்லை. உண்மையில் எனக்கு அது வசதியான கதை. "அது கிரேனியாட்டமிங்கய்யா. தேரை போச்சு, மூடிட்டாங்க. இங்க தேரை எதுவும் இல்ல. மூளையேதான் வீங்கியிருக்கு. மூடினா நசுங்கிடும்" என்று சொன்னால் சட்டென்று புரிந்துகொள்கிறார்கள்.

ஏன் நசுங்கும்? பெரியவர்களின் மண்டை ஓட்டுக்குள் இருக்கும் இடம் சுமார் ஒன்றரை லிட்டர். அதில் பெரும்பகுதி மூளை. மிச்சத்தை ரத்தமும் மூளைத் தண்டுவட நீரும் பங்குபோட்டுக்கொள்கின்றன. ஓடு விரியாது. ஆகவே ஒன்று கூடினால் இன்னொன்று குறைந்தாக வேண்டும். எடின்பரோவில் மன்ரோ என்பவர் 1783-லும், கெல்லி என்பவர் 1824-லும் எழுதிவைத்த கணக்கு இது. இன்றும் எங்களுக்கு இதுதான் அடிப்படை. அடிபட்ட மூளை வீங்கும்போது முதலில் அந்த நீர் முதுகுப் பக்கம் ஒதுங்கி இடம் கொடுக்கும், பிறகு சிரைகளில் உள்ள ரத்தம் குறையும். அந்த இரண்டும் தீர்ந்த பிறகு வீக்கம் கொஞ்சம் கூடினாலும் அழுத்தம் கிடுகிடுவென்று ஏறிவிடும். இயல்பாக 5 முதல் 15 மில்லிமீட்டர் பாதரச அளவில் இருப்பது 22-ஐத் தாண்டினால் நாங்கள் மருந்துகளோடு இறங்குவோம். தலையை உயர்த்துவது, மயக்கத்தை ஆழமாக்குவது, மூளையிலிருந்து நீரை இழுத்து வீக்கத்தைக் குறைக்கும் மானிட்டால், அடர்ந்த உப்புக் கரைசல். அதற்கும் மசியாவிட்டால் மூளை கீழ்நோக்கிப் பிதுங்கத் தொடங்கும். ஒரு கண்ணின் பாப்பா விரிந்து, டார்ச் அடித்தால் சுருங்காது. "காலையில பேசினான் சார், சாயங்காலம் கண் முழிக்கல" என்று சொல்வது பெரும்பாலும் இந்தக் கட்டம்தான்.

அப்போது செய்வது இது. காதுக்கு முன்னால் தொடங்கி, காதுக்கு மேலே பின்பக்கமாகச் சுற்றி, முன்நெற்றி முடிவரை ஒரு பெரிய கேள்விக்குறி வடிவத்தில் தோலைக் கீறுகிறோம். எலும்பில் சில துளைகள் போட்டு, துளைகளை இணைத்து அறுத்து, குறைந்தது 12க்கு 15 சென்டிமீட்டர் அளவுள்ள ஒரு துண்டைத் தூக்குகிறோம். விரல்களை விரித்த உங்கள் கையைக் காதுக்கு மேலே, தலையின் பக்கவாட்டில் வைத்துப் பாருங்கள், ஏறக்குறைய அவ்வளவு. சின்னதாக எடுத்தால் வீங்கிய மூளை ஜன்னல் விளிம்பில் சிக்கி அங்கேயே நசுங்கும். 'சின்னதா எடுங்க சார்' என்று கெஞ்சுகிறவர்களிடம் இதைத்தான் சொல்கிறேன். பிறகு மூளையை மூடியிருக்கும் டியூரா என்ற உறையையும் திறந்து, தளர்வாக ஒட்டுப்போடுகிறோம். வேலை இவ்வளவுதான். மூளையில் அடிபட்ட இடத்தை நாங்கள் சரிசெய்யவே இல்லை என்பதைக் கவனியுங்கள். இடம் கொடுத்திருக்கிறோம். மூளை அந்த இடத்தை வைத்து என்ன செய்யும் என்பது தெரிய வாரங்கள் ஆகும், சில சமயம் மாதங்கள்.

கையெழுத்து வாங்கும்போது 'பிழைப்பானா?' என்று கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. ஆனால் நான் பதில் சொல்ல வேண்டிய கேள்வி இரண்டு. பிழைப்பானா, பிழைத்தால் எப்படி இருப்பான்? 2016-ல் வெளியான ரெஸ்க்யூ ஐசிபி என்ற பெரிய ஆய்வில் தலைக்காயத்தால் அழுத்தம் கட்டுக்கடங்காமல் போன 408 பேரை எடுத்துக்கொண்டார்கள். ஆறு மாதத்தில், மருந்து மட்டும் பெற்றவர்களில் ஏறக்குறைய 49 சதவீதம் பேர் இறந்திருந்தார்கள். எலும்பு கழற்றியவர்களில் 27 சதவீதம். பெரிய வித்தியாசம்தான். ஆனால் உணர்வின்றிக் கண் மட்டும் திறந்து கிடக்கும் நிலையில் இருந்தவர்கள், மருந்துப் பிரிவில் 2 சதவீதம். அறுவைப் பிரிவில் எட்டரை. பிழைக்கவைத்தவர்கள் எல்லோரும் நடந்து வீட்டுக்குப் போகவில்லை. இந்த இரண்டாவது எண்ணைச் சொல்லாமல் முதல் எண்ணை மட்டும் சொல்லிக் கையெழுத்து வாங்குவது எனக்குச் சரியாகப் படவில்லை. 'இப்ப போய் இதெல்லாம் ஏன் சார் சொல்றீங்க' என்று என் ஜூனியர்களே முகம் சுளித்ததுண்டு. வேறு எப்போது சொல்வது?

விபத்துக்கு மட்டும் இந்த அறுவை என்று நினைக்க வேண்டாம். மூளையின் பெரிய ரத்தக்குழாய் அடைத்து, பாதி மூளை வீங்கும் பக்கவாதத்திலும் செய்கிறோம். அங்கே பலன் இன்னும் தெளிவு. அறுபது வயதுக்கு உட்பட்டவர்களில் 48 மணி நேரத்துக்குள் செய்தால் ஓராண்டு கழித்து உயிரோடு இருப்பவர்கள் நூற்றுக்கு 78, செய்யாவிட்டால் 29. ஐரோப்பாவின் மூன்று ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்து 2007-ல் வெளியிட்ட கணக்கு. "ரெண்டு நாள் பார்த்துட்டுச் சொல்றோம்" என்பவர்களுக்கு இந்த 48 மணி நேரத்தை ஞாபகப்படுத்துகிறேன்.

கழற்றிய எலும்பு எங்கே போகிறது? மைனஸ் 70, 80 டிகிரியில் வைக்கும் உறைபெட்டி இருந்தால் அங்கே. அந்த வசதி இல்லாத இடங்களில், நோயாளியின் வயிற்றிலேயே. தொப்புளுக்குப் பக்கத்தில் ஒரு கீறல், தோலுக்கும் தசைக்கும் நடுவிலுள்ள கொழுப்பில் ஒரு பை, அதற்குள் எலும்பு. குடலோடு அதற்கு எந்தச் சம்பந்தமும் கிடையாது; சாப்பாடு அதில் முட்டாது. ஒல்லியான ஆளாக இருந்தால் தடவினால் கையில் தட்டுப்படும். ஊரில் போய்ச் சொன்னால் யாரும் நம்புவதில்லை என்று ஒரு அப்பா என்னிடம் எழுதி வாங்கிப் போனார். செலவில்லாத, சொந்த உடம்பே காவல் காக்கும் ஏற்பாடு என்பது என் அபிப்பிராயம். குறையும் இருக்கிறது: இன்னொரு புண், அங்கும் சீழ் பிடிக்கலாம், நாள் போகப்போக எலும்பு ஓரங்களில் கரையலாம்.

இங்கே ஒரு வேண்டுகோள். டிஸ்சார்ஜ் சம்மரியில் 'எலும்பு எங்கே வைக்கப்பட்டிருக்கிறது' என்ற வரி இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் ஆஸ்பத்திரியை விட்டுக் கிளம்ப வேண்டும். வேறு ஊரில் ஆபரேஷன் செய்து, தாளைத் தொலைத்துவிட்டு வந்த ஒருவருக்கு நாங்கள் செயற்கைத் தகட்டுக்கு ஏற்பாடு செய்துகொண்டிருந்தோம். வயிற்றில் இருந்த தழும்பைப் பார்த்து, அது அப்பெண்டிக்ஸ் தழும்பு என்று அவர் மனைவி சொல்ல, நானும் எழுதிக்கொண்டேன். தழும்பு இடது பக்கம். அப்பெண்டிக்ஸ் வலது பக்கம். மறுநாள் ரவுண்ட்ஸில் பயிற்சி மருத்துவர் ஒருவர்தான் கேட்டார். எக்ஸ்ரே எடுத்தால், கையகல எலும்பு உள்ளே பத்திரமாக இருக்கிறது.

வீட்டுக்குப் போன பிறகு பயமுறுத்துவது அந்தப் பக்கத்துத் தோல்தான். துடிக்கும், இருமினால் புடைக்கும், உட்கார்ந்தால் பள்ளமாகும். இதெல்லாம் இயல்பு. குழந்தையின் உச்சிக்குழி துடிப்பதைப் பார்த்திருக்கிறீர்களே, அதே மாதிரி. அந்தப் பக்கம் அழுந்தப் படுக்கவைக்காதீர்கள். எழுந்து நடக்கும்போதெல்லாம் தலைக்கு ஹெல்மெட். வண்டி ஓட்டுவதற்கு இல்லை, வீட்டுக்குள் நடக்க. பாத்ரூம் வாசற்படியில் வழுக்கி விழுந்து திரும்ப வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். வலிப்பு மாத்திரையை நீங்களாக நிறுத்த வேண்டாம். பழனிக்கு வேண்டுதல், மொட்டை போடலாமா என்று கேட்பார்கள். எலும்பை வைத்த பிறகு போடலாம். முருகன் கோபித்துக்கொள்ள மாட்டார். சவரக் கத்திக்கும் மூளைக்கும் நடுவே இப்போது தோலும் மெல்லிய உறையும் மட்டும்தான் இருக்கின்றன.

எப்போது ஓடிவர வேண்டும்? புடைப்பு எப்போதும் இறுகியே இருந்து, தலைவலி, வாந்தி, மந்தம் சேர்ந்தால். காய்ச்சலோடு தலையிலோ வயிற்றிலோ தையல் சிவந்தால், கசிந்தால். அப்புறம் ஒன்று, பலர் சோர்வு என்று விட்டுவிடுவது: நன்றாகத் தேறிக்கொண்டிருந்தவர், தோல் உள்ளே குழிந்துபோன பிறகு, உட்காரவைத்தால் பேச்சு குழறி, கை தளர்ந்து, படுக்கவைத்தால் தெளிவாகிறார் என்றால் அது சோர்வு இல்லை. வெளிக்காற்றின் அழுத்தம் மூளையை அமுக்குகிறது. 1939-லேயே விவரித்த விஷயம். 'சிண்ட்ரோம் ஆஃப் தி ட்ரிஃபைன்ட்' என்று பெயர். மருந்து கிடையாது, எலும்பை வைப்பதுதான் வழி. பக்கவாதம் திரும்ப வந்துவிட்டது என்று மூன்று வாரம் எண்ணெய் தேய்த்துவிட்டுக் கூட்டிவந்த ஒரு பெரியவர், கிரேனியோபிளாஸ்டி முடிந்த நான்காம் நாள் தானாக டம்ளரைத் தூக்கிக் காபி குடித்தார்.

அந்த அறுவையைத்தான் நம்மவர்கள் தள்ளிப்போடுகிறார்கள். 'நல்லாத்தானே இருக்கான், இன்னொரு தடவை கத்தி எதுக்கு?' வழக்கமாக மூன்று மாதவாக்கில், வீக்கம் வடிந்து, எங்கும் சீழ் இல்லை என்று உறுதியானதும் வைக்கிறோம். சொந்த எலும்பு நொறுங்கியிருந்தாலோ கிருமி ஏறியிருந்தாலோ டைட்டேனியம் வலை, ஸ்கேனைப் பார்த்து அச்செடுத்த பீக் பிளாஸ்டிக் தகடு, அல்லது எலும்பு சிமெண்ட். சிமெண்ட் என்றால் பொடியையும் திரவத்தையும் குழைத்து, மாவு பதத்தில் தட்டி வைப்போம். இறுகும்போது கை பொறுக்காத சூடு வரும், விடாமல் உப்புநீர் ஊற்றிக்கொண்டே இருக்க வேண்டும். சின்ன அறுவை என்று நான் சொல்ல மாட்டேன். கிருமி, ரத்தக்கசிவு, வலிப்பு எல்லாம் வரலாம். கையெழுத்துக்கு முன் இதையும் கேளுங்கள்.

அந்தப் பையன் பதினான்காம் நாள் அம்மாவைப் பார்த்தான். நூறு நாள் கழித்து வயிற்றைத் திறந்து எலும்பை எடுத்தேன். கொழுப்பு ஒட்டி, மஞ்சள் ஏறி இருந்தது. கழுவி, பழைய அறுப்புக் கோட்டோடு கோடு சேர்த்துப் பொருத்தி, மூன்று சின்ன டைட்டேனியம் பட்டைகளால் முடுக்கினோம். இடது கையில் பலம் இன்னும் முழுசாக வரவில்லை. பெயர்கள் சில மறந்துபோகின்றன. ஹெல்மெட் இல்லாமல் போன அந்த ராத்திரி அவனுக்கு நினைவிலேயே இல்லை.

வெளியே வந்தேன். இந்தத் தடவை பகல். அந்தம்மா எழுந்து நின்றார். "மாட்டியாச்சும்மா" என்றேன்.

"இனி ரெண்டு பக்கமும் படுக்கலாங்களா டாக்டர்?"

"தையல் பிரிக்கிற வரைக்கும் பொறுத்துக்கச் சொல்லுங்க."