குறும்பா

மொரீஷியஸில் மாலை வகுப்பில் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். பிள்ளைகள் வீட்டில் பேசுவது கிரியோல். பள்ளியில் ஆங்கில லிமரிக் படித்துவிட்டு வந்த ஒரு பெண், "இதுக்குத் தமிழ்ல என்ன பேர், மிஸ்?" என்று கேட்டாள்.

குறும்பா.

லிமரிக் என்பது அயர்லாந்தில் ஓர் ஊர். விருந்துப் பாட்டின் பல்லவியில் அந்தப் பேர் வந்ததால் பாட்டுக்கும் ஒட்டிக்கொண்டது என்பார்கள். ஐந்து வரி, 1, 2, 5 ஒரே ஓசையில் முடியும், 3, 4 குட்டையாக வேறு ஓசையில் முடியும். ஆங்கிலேயக் கவிஞர் எட்வர்ட் லியரின் 1846 நூலால் பரவியது.

தமிழுக்குக் கொண்டுவந்தவர் அளவெட்டியில் பிறந்த ஈழத்துக் கவிஞர் மகாகவி, இயற்பெயர் து. உருத்திரமூர்த்தி. 'மகாகவியின் குறும்பா' 1966இல் வந்தது. தேர்வடம் பிடிக்க வந்தவனைச் சாதி சொல்லிக் கொன்ற கொடுமையைத் 'தேரும் திங்களும்' என்று எழுதிய அதே கைதான். அதில் நெஞ்சு கனக்கும். குறும்பாவில், முத்துக் குளிக்கப் போனவன் முன்னால் காலன் வந்து நிற்கிறான். காலன் கையில் பத்து முத்தைப் பொத்தி வைத்ததும் போய்விடுகிறான். சிரித்து முடிக்கும்போது லஞ்சம் என்பது உறைக்கிறது. வரி முடிவில் இயைபு மட்டும் போதாதென்று, தொடக்கத்தில் நம் எதுகையும் மோனையும் சேர்த்தார்.

பெயரைப் பாருங்கள். வெண்மை + பா வெண்பா ஆனதுபோல், குறுமை + பா குறும்பா. அப்புறம், 'குறும்பாப் பேசறான்' என்கிறோமே, அந்தக் குறும்பும் உள்ளே இருக்கிறது. பெயரே சிலேடை! வீட்டில் தமிழ் பேசாத பிள்ளைகளுக்கு இந்த இரண்டாவது பொருள் தானாக எட்டாது. குறும்பு என்ற சொல்லை முதலில் சொல்லித்தர வேண்டியிருக்கிறது. ஆனால் ஒளித்துச் சொல்வது அவர்களுக்குப் புதிதல்ல. 'சிராந்தான்' என்ற கிரியோல் விடுகதையில் நிற்கும் தண்ணீர் கரும்பு, தொங்கும் தண்ணீர் தேங்காய். அதைச் சொன்னதும் பிடித்துக்கொண்டார்கள்.

சிலர் ஹைக்கூவையும் குறும்பா என்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. குட்டையாக இருந்தால் போதுமா, குறும்பு வேண்டாமா? ஹைக்கூவுக்குத் துளிப்பா என்ற நல்ல பேர் இருக்கிறது.

சரி, அன்று கரும்பலகையில் நான் எழுதிப்போட்டது இது. வடை என்ற இடத்தில் பிள்ளைகள், அங்கே பருப்பு வடைக்கு வழங்கும் கிரியோல் பேரான 'கத்தோ பிமா' என்று கத்தினார்கள்:

"எண்ணெயையே தொடவேண்டாம் மாமா!"
என்றதற்குத் தலையசைத்தார், "ஆமா!"
கண்ணசந்த நேரத்தில்
காலியாச்சு வடைத்தட்டு;
திண்ணையிலே ஏப்பமிட்டார், "ராமா!"