டம்ப்ளிங்: பாலாடை அன்று, கொழுக்கட்டை

டம்ப்ளிங் செய்முறையைத் தமிழில் பெயர்க்கிறவர்கள் இப்படி எழுதுகிறார்கள்: ‘பாலாடைகளை ஆவியில் பத்து நிமிடம் வேகவைக்கவும்.’ பாலாடையை எதற்கு வேகவைப்பது? காய்ச்சிய பால் ஆறும்போது மேலே படிவது பாலாடை. கைக்குழந்தைக்குப் பால் புகட்டும் மூக்குக் கிண்ணமும் பாலாடை. மாவுக்குள் பூரணம் வைத்து மூடிய பண்டத்துக்கும் அந்தச் சொல்லுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. மொழிபெயர்ப்பு எந்திரம் துப்பியதைப் படித்துப் பார்க்காமல் ஒட்டி ஒட்டி, இப்போது ‘கோழிப் பாலாடை’ வரை வந்திருக்கிறது.

டம்ப்ளிங் என்பது 1600-ஐ ஒட்டி ஆங்கில எழுத்தில் தலைகாட்டும் சொல். கட்டி என்னும் பொருளுள்ள ‘டம்ப்’ என்பதோடு சிறுமை காட்டும் ‘லிங்’ விகுதி சேர்ந்தது என்பார்கள். சாற்றில் போட்டு வேகவைக்கும் வெறும் மாவுக்கட்டிக்கும் அதே பெயர், பூரணம் பொதிந்ததற்கும் அதே பெயர். தமிழில் இந்தக் குழப்பமே கிடையாது: முன்னது பிடிகொழுக்கட்டை, பின்னது பூரணக் கொழுக்கட்டை. திபெத்திய மோமோ, ஜப்பானிய கியோசா, இத்தாலிய ரவியோலி எல்லாம் தனிப்பெயர்கள். அவற்றை அப்படியே விட்டுவிடலாம். பொதுப்பெயர் வேண்டும் இடத்தில்தான் கொழுக்கட்டை.

‘மாவுருண்டை’ என்று ஒரு மாற்றுச் சொல்லும் உலவுகிறது. தூய தமிழ்தான், ஆனால் தவறான தமிழ். உருண்டை என்றால் உள்ளும் புறமும் ஒன்று. பூரணம் வைத்த பண்டத்துக்கு உயிரே அதன் சுவர்தான். கோதுமை மாவில் செய்தால் 8 செ.மீ. வட்டம், நடுவில் 2 மி.மீ. கனம், விளிம்பில் 1 மி.மீ. மூடும்போது விளிம்பு இரட்டிப்பதால் அங்கே மெலிந்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் ஓரம் வேகாமல் நிற்கும், அது வேகும்வரை விட்டால் நடு கிழியும். ‘உருண்டை’ என்று படித்தவர் இந்தச் சுவரை எங்கே போய்த் தேடுவார்?

கொழுக்கட்டை என்றாலே அரிசிமாவு, இனிப்பு அல்லவா என்று கேட்பார்கள். உப்புப் பூரணம் வைத்ததும் கொழுக்கட்டைதானே? பெயர் உருவத்துக்கு, மாவு மாறினால் பக்குவம் மாறும், அவ்வளவே. அரிசிமாவில் இழுவைத்தன்மை தரும் பசையம் இல்லை. கொதிநீர் பட்டு மாவுச்சத்து குழைந்தால்தான் பூரணம் வைக்கும் சொப்பு விரிசல் விடாமல் நிற்கும்: ஒரு கப் மாவுக்கு ஒன்றேகால் கப் நீர் வரை. இங்கே ‘வெதுவெதுப்பான நீர்’ என்று பெயர்த்து வைத்தால் விளிம்பெல்லாம் வெடிக்கும். மைதா என்றால், கொதிக்கும் நீரில் போட்டு வேகவைக்க 300 கிராமுக்கு 150 மி.லி. தண்ணீர், பச்சைத் தண்ணீரே. ஆவியில் வைக்க 170–180 மி.லி. சுடுநீர், மேல்மாவு மிருதுவாக வரும்.

உள்ளே வைப்பதற்குப் பூரணம் என்ற சொல் வழக்கில் வேரூன்றிவிட்டது. வடசொல்தான், இருக்கட்டும். அது கூடாது என்பவர்களுக்கும் புதிதாகக் காய்ச்ச வேண்டிய வேலையில்லை. மதுரைக்காஞ்சி ‘கவவொடு பிடித்த வகையமை மோதகம்’ என்கிறது. தொல்காப்பிய உரியியல் ‘கவவு அகத்திடுமே’ என்று பொருளும் சொல்லிவிட்டது. அகத்தே இடுவது கவவு. (மோதகமும் வடசொல் என்பது வேறு கதை.) ‘பிடித்த’ என்ற வினையைப் பாருங்கள், கொழுக்கட்டையை இன்றும் பிடிக்கத்தான் செய்கிறோம். இத்தனை இருக்க, ‘நிரப்புதலை நடுவில் வைக்கவும்’ என்று எழுதுகிறார்கள். நிரப்புதல் ஒரு செயல் ஐயா, அதைக் கரண்டியில் அள்ள முடியாது.

பெயர்ச்சொல்லோடு போனால் பரவாயில்லை, வினைச்சொல்லில் விட்ட பிழை கையில் இருக்கும் மாவையே கெடுக்கிறது. வட்டமாக இடச் சொல்ல வேண்டிய இடத்தில் ‘உருட்டவும்’. நம்பிச் செய்தவருக்கு மாவுருண்டைதான் மிச்சம். பிசைந்த மாவை மூடி அரைமணி ஊறவிட வேண்டும்; அதற்கு ‘ஓய்வெடுக்க விடவும்’. பூரணத்துக்கு நறுக்கிய முட்டைக்கோசுக்கு எடையில் நூற்றுக்கு இரண்டு பங்கு உப்புப் பிசிறி, கால்மணி கழித்து நீரை ஒட்டப் பிழிய வேண்டும், அங்கே ‘வடிகட்டவும்’. வடிகட்டிய கோசு உள்ளேயிருந்து நீர்விட்டு அடிமாவைக் கரைத்துவிடும்.

எல்லாவற்றுக்கும் மேலாக ‘விளிம்புகளை முத்திரையிடவும்’. பத்திரப்பதிவா நடக்கிறது? விளிம்பின் பாதிச் சுற்றுக்குத் தண்ணீர் தொட்டு, பூரணத்தை ஒட்டினாற்போல் விரலால் அழுத்தி உள்ளிருக்கும் காற்றை வெளியேற்றிவிட்டு, பிறகு அழுத்தி மூட வேண்டும். காற்று உள்ளே தங்கினால் சூட்டில் விரிந்து வாய் பிளந்துவிடும். விளிம்பில் எண்ணெய்ப் பிசுக்கு பட்டிருந்தால் எத்தனை முத்திரை குத்தினாலும் ஒட்டாது.