கடைசிப் பாட்டைக் கேட்டுப் பார்த்தீர்களா?

"முதல் பத்துப் பாட்டும் நல்லாத்தான் சார் வருது. கடைசி மூணுலதான் ஒரே கரகரப்பு."

பழைய ஒலிப்பதிவுகளைச் சீர்செய்து கோப்பாக மாற்றித் தருவது என் தொழில். இந்த வாக்கியத்தை, ஆள் மாறினாலும் சொல் மாறாமல், பலமுறை கேட்டுவிட்டேன். அண்மையில் சொன்னவர் ஒரு பெண்மணி. அவருடைய அப்பா வீட்டில் உட்கார்ந்து பாடியதைப் பதிவு செய்து, தம்பி தன் கணினியிலேயே பர்ன் செய்து கொடுத்த சிடி அது. அப்பா இப்போது இல்லை. அசல் கோப்புகள் இருந்த கணினியும் எப்போதோ எடைக்குப் போய்விட்டது. வட்டில் சொல்லும்படியாக ஒரு கீறல் கிடையாது. "பிளேயர்ல கோளாறா இருக்குமோ?" என்று கேட்டார். இல்லை, சிடியில்தான் கோளாறு. அது ஏன் பெரும்பாலும் கடைசிப் பாட்டுகளிலிருந்தே தொடங்குகிறது என்பதற்குக் காரணம் உண்டு.

கிராமபோன் தட்டு வெளியிலிருந்து உள்ளே போகும். சிடி அதற்கு நேர் எதிர். நடுத்துளைக்குப் பக்கத்தில் தொடங்கி, சுருள் சுருளாக வெளிவிளிம்பை நோக்கிப் போகும். வட்டு நிறையப் பாட்டு ஏற்றியிருந்தால் கடைசிப் பாட்டு விளிம்பில் வந்து உட்காரும். விரல் அதிகம் படுவது அங்கே. மேல்பூச்சின் ஓரம் வழியாக ஈரக்காற்று நுழைவது அங்கே. வட்டு லேசாக வளைந்திருந்தால் அதிகமாக ஏறி இறங்குவதும் அங்கேதான். போதாக்குறைக்கு, அட்டையில் 52எக்ஸ் (பாட்டு ஓடும் சாதாரண வேகத்தைப் போல 52 மடங்கு) என்று போட்டிருக்கிறார்களே, அந்த வேகத்தை டிரைவ் எட்டுவது விளிம்பை நெருங்கும்போது மட்டும்தான். உள்ளே அதில் பாதிக்கும் குறைவான வேகத்தில் ஆரம்பித்து, போகப் போக ஏறும். ஆக, எழுதும்போதே ஆட்டம் கூடுதலாக இருந்த இடம், பிற்பாடு முதலில் கெடும் இடமாகவும் ஆகிவிடுகிறது.

கடையில் வாங்கும் இசை சிடிக்கும் வீட்டில் பர்ன் செய்ததற்கும் உள்ள வேறுபாடு பலருக்குத் தெரியாது. இரண்டும் ஒரே மாதிரி பளபளக்கின்றன, ஒரே பிளேயரில் ஓடுகின்றன. 1982இல் விற்பனைக்கு வந்த இசை சிடி, அச்சில் அழுத்தி எடுத்தது. ஒலி அதில் நுண்ணிய பள்ளங்களாக பிளாஸ்டிக்கிலேயே பதிந்திருக்கும். சிடி-ஆர் என்னும் எழுதும் வட்டில் அப்படிப் பள்ளம் எதுவும் அழுத்தப்படுவதில்லை. அதற்குள் ஒரு சாயப் படலம் இருக்கிறது. பர்னரின் லேசர் அந்தச் சாயத்தைப் புள்ளி புள்ளியாகச் சுட்டு மாற்றுகிறது. வட்டின் அடிப்பக்கம் ஒன்றில் பச்சையாகவும் ஒன்றில் கருநீலமாகவும் இன்னொன்றில் வெளிறிய பொன்னிறமாகவும் தெரிவது, சாயமும் அதன் பின்னால் இருக்கும் உலோகமும் மாறுவதால்தான். சாயம் என்றால் வெயிலில் என்ன ஆகும் என்று துணி காயப்போட்டவர்களுக்குத் தெரியும். காரின் முன்கண்ணாடிக்குக் கீழே கிடக்கும் சிடிக்கும் அதே கதிதான்.

இதைவிட அதிகம் பேர் தவறாக நினைப்பது ஒன்று உண்டு. எல்லாரும் சிடியின் பளபளப்பான அடிப்பக்கத்தைக் கண்போலப் பார்த்துக்கொள்கிறார்கள். மேல்பக்கத்தைத்தான் மேசைமேல் கவிழ்த்து வைக்கிறார்கள். உண்மையில் மேல்பக்கம்தான் சவலைப்பிள்ளை. அடியில் 1.2 மில்லிமீட்டர் தடிமனுக்கு பாலிகார்பனேட் இருக்கிறது. லேசர் அதைத் தாண்டிப் போய் உள்ளேதான் குவிகிறது. ஜன்னல் கண்ணாடியில் தூசி இருந்தாலும் தெருவில் போகிறவர் நமக்குத் தெரிகிறார் அல்லவா, அதுபோல அடிப்பக்கத்தில் உள்ள சின்னத் தூசியோ மெல்லிய கீறலோ லேசருக்குப் பெரிய தொல்லை இல்லை. மேலே அப்படி இல்லை. சாயம், அதன்மேல் வெள்ளியோ தங்கமோ ஒரு மெல்லிய படலம், அதன்மேல் மயிரிழையைவிட மெல்லிய ஓர் அரக்குப் பூச்சு, அவ்வளவுதான். பால்பாயின்ட் பேனாவால் அழுத்தி எழுதினால் போதும், உலோகம் உரிந்துவிடும். உரிந்த இடத்தில் லேசருக்குத் திருப்பி அனுப்ப ஒன்றும் இல்லை. எந்த பாலிஷும் அதைச் சரி செய்யாது. உங்களிடம் பழைய சிடி-ஆர் இருந்தால் விளக்குக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். ஊசி குத்தியதுபோல வெளிச்சப் புள்ளிகள் தெரிந்தால் அங்கெல்லாம் உலோகம் போய்விட்டது என்று அர்த்தம்.

இதில் நானே ஒருமுறை கையைச் சுட்டுக்கொண்டேன். தொழிலின் தொடக்கத்தில், ஒருவருக்கு நாற்பது பிரதி எடுத்துக் கொடுக்கும்போது, அழகாக இருக்கட்டும் என்று வண்ணத்தாள் லேபிள் அச்சிட்டு ஒட்டினேன். அவருக்கும் மிகவும் பிடித்திருந்தது. சில மாதங்களில் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்தது. சிலவற்றில் லேபிள் ஓரம் சுருண்டு கார் பிளேயருக்குள் சிக்கியிருந்தது. ஒரு மில்லிமீட்டர் தள்ளி ஒட்டியவை, வேகமாகச் சுற்றும்போது அதிர்ந்தன. ஒருவர் லேபிளைப் பிய்க்கப் போய், வெள்ளிப் படலமும் சேர்ந்தே வந்துவிட்டது. அத்தனையையும் என் செலவில் மீண்டும் எழுதிக் கொடுத்தேன். அன்றிலிருந்து லேபிள் ஒட்டுவதில்லை. நீர் கலந்த மையுள்ள மென்முனைப் பேனாவால், நடுத்துளையைச் சுற்றித் தெளிவாக இருக்கும் வளையத்தில் எழுதுகிறேன். அங்கே பதிவு எதுவும் இல்லை.

சரி, பர்ன் செய்வதற்கு வருவோம். முதல் குழப்பம், ஆடியோ சிடியா டேட்டா சிடியா என்பது. எம்பி3 கோப்புகளை அப்படியே இழுத்துப் போட்டால் அது டேட்டா சிடி. நூற்றைம்பது பாட்டுகூடப் பிடிக்கும், ஆனால் எம்பி3 தெரிந்த பிளேயரில் மட்டும்தான் ஓடும். ஆடியோ சிடி என்று தேர்ந்தெடுத்தால், மென்பொருள் எல்லாவற்றையும் 44.1 கிலோஹெர்ட்ஸ், 16 பிட், ஸ்டீரியோ என்ற அளவுக்கு மாற்றி எழுதும். ஒரு நொடிக்கு 1,76,400 பைட். அதிகபட்சம் 80 நிமிடம், 99 தடம் (ஒரு பாட்டுக்கு ஒரு தடம்). கோப்பின் அளவு எத்தனை எம்பி என்பதற்கு இங்கே வேலையே இல்லை. நிமிடக் கணக்கு மட்டும் பாருங்கள். இன்னொன்று: 128 கிலோபிட் எம்பி3யை ஆடியோ சிடியாக எழுதினால் அளவுதான் பெருக்கும், எம்பி3யாகச் சுருக்கும்போது தொலைந்த ஒலி திரும்பி வராது.

அடுத்தது, இடைவெளி. தடம் தடமாக எழுதும் முறையில், ஒவ்வொரு பாட்டு முடிந்ததும் லேசர் அணைந்து மறுபடி எரியும். நடுவில் 2 நொடி மௌனம் விழும். தனித்தனிப் பாட்டுகளுக்குப் பரவாயில்லை. நேரடிக் கச்சேரிப் பதிவில் கைதட்டலின் நடுவே திடீரென்று மயான அமைதி வந்தால் கேட்கச் சகிக்காது. வட்டு முழுவதையும் ஒரே மூச்சில் எழுதும் 'டிஸ்க் அட் ஒன்ஸ்' என்ற முறையைத் தேர்ந்தெடுங்கள். அதில் வட்டு தானாகவே மூடவும் படும். தடம் தடமாக எழுதினால் கடைசியில் நாமே அதை மூட, அதாவது 'ஃபைனலைஸ்' செய்தாக வேண்டும். மறந்தால் உங்கள் கணினியில் ஓடும், சாதாரண பிளேயரோ வட்டே இல்லை என்று சொல்லும். அழித்து எழுதும் சிடி-ஆர்டபிள்யூவும் அப்படித்தான். அது ஒளியைக் குறைவாகத் திருப்பி அனுப்புவதால் பழைய பிளேயர்களுக்குக் கண்ணுக்கே தெரியாது.

வேகம் பற்றி இரண்டு கட்சி உண்டு. அவசரக்காரர்கள் 52எக்ஸில் எழுதுவார்கள். இசைப் பித்தர்கள் 1எக்ஸில்தான் எழுத வேண்டும் என்பார்கள். நான் இரண்டிலும் இல்லை. பிற்காலத்து வட்டுகளின் சாயம், வேகமாகவும் கூடுதல் சக்தியோடும் சுடுவதற்கென்றே செய்யப்பட்டது. மிக மெதுவாகச் சுட்டால் மேலும் நன்றாக வரும் என்று சொல்ல முடியாது. இன்றைய டிரைவ்கள் பல 1எக்ஸுக்கு இறங்குவதும் இல்லை. என் மேசையில் 16எக்ஸ், சில வட்டுகளுக்கு 24எக்ஸ். நடுவே டேட்டா வருவது தடைப்பட்டால் வட்டே பாழாகும் காலம் ஒன்று இருந்தது. பர்ன் ஓடும்போது மவுஸைக்கூட அசைக்காமல் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்போம். 2000ஆம் ஆண்டில் சான்யோ கொண்டுவந்த 'பர்ன்-ப்ரூஃப்' போன்ற நுட்பங்களுக்குப் பிறகு அந்தப் பயம் போய்விட்டது. யூஎஸ்பியில் செருகும் மெல்லிய பர்னர் வைத்திருப்பவர்கள் மட்டும், ஹப் வழியாகச் செருகாமல் நேராகக் கணினியில் செருகுங்கள். மின்சாரம் போதாமல் பாதியில் திணறும்.

இனி, இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததன் காரணத்தைச் சொல்கிறேன். ஆடியோ சிடி தன் நோயை வெளியே காட்டாது.

எந்தச் சிடியிலும் பிழை இல்லாமல் இருக்காது. புதிதாக எழுதியதிலும் உண்டு. பிழைகளைத் திருத்த ஒரு கணக்கு ஒலியோடு பின்னிப் பதிந்திருக்கிறது. சுருளின் வழியே இரண்டரை மில்லிமீட்டர் அளவுக்குத் தகவல் போனாலும் அந்தக் கணக்கு முழுசாக மீட்டுவிடும். அதையும் தாண்டினால் பிளேயர் இன்னொரு வேலை செய்கிறது: முன்னால் உள்ள ஒலி அளவையும் பின்னால் உள்ளதையும் பார்த்து, நடுவில் இருந்திருக்கக்கூடியதை ஊகித்து நிரப்பிவிடுகிறது. காது கண்டுபிடிக்காது. ஊகிக்கவும் முடியாத நிலை வந்த பிறகுதான் டிக், டிக் என்ற சத்தமும் கரகரப்பும். அதாவது, உங்கள் காதுக்கு முதல் அறிகுறி தெரியும்போது வட்டு பல காலமாகக் கெட்டுக்கொண்டிருந்திருக்கும்.

டேட்டா சிடியில் இந்த நடிப்பு இல்லை. ஒரே அளவுள்ள ஒரு பகுதியில் ஆடியோ சிடி 2,352 பைட்டும் ஒலியாகவே வைத்துக்கொள்கிறது. டேட்டா சிடி அதில் 2,048 பைட்டுக்கு மட்டும் தகவலை வைத்து, மிச்சத்தில் பெரும்பகுதியைக் கூடுதல் பிழைதிருத்தத்துக்கு ஒதுக்குகிறது. அதிலும் மீட்க முடியாவிட்டால், படிக்க முடியவில்லை என்று பட்டென்று சொல்லிவிடும். ஊகித்துப் பூசி மெழுகாது. அதனால்தான் என்னிடம் வருகிறவர்களிடம், கேட்பதற்கு ஆடியோ சிடி, வைத்திருப்பதற்குக் கோப்பு என்று பிரித்துச் சொல்கிறேன். ஒலி எதுவும் தொலையாத வேவ் அல்லது ஃப்ளாக் கோப்பாக இரண்டு வெவ்வேறு ஹார்டு டிஸ்க்கில், முடிந்தால் ஒன்று வேறு வீட்டில். சிடியிலும் ஒரு பிரதி வேண்டும் என்றால் அந்த ஃப்ளாக் கோப்புகளை டேட்டா சிடியாக எழுதுங்கள்.

சிடியிலிருந்து கோப்பாக எடுக்கும்போது ஒரு பொறி இருக்கிறது, பலர் அதில் விழுந்திருக்கிறார்கள். விண்டோஸில் ஆடியோ சிடியைத் திறந்தால் டிராக்01, டிராக்02 என்று சிடிஏ கோப்புகள் தெரியும். அவற்றை இழுத்து டெஸ்க்டாப்பில் போட்டுவிட்டு, பத்திரப்படுத்தியாயிற்று என்று நினைத்து வட்டைத் தூக்கிப் போட்டவர்கள் உண்டு. ஒவ்வொன்றும் வெறும் 44 பைட். அதில் பாட்டு இல்லை. பாட்டு வட்டில் எந்த இடத்தில் இருக்கிறது என்ற குறிப்பு மட்டும்தான். வட்டில் உள்ள ஒலியையே படித்துக் கோப்பாக்கும் 'ரிப்' செய்தால்தான் ஒலி வரும். விண்டோஸில் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி, லினக்ஸில் சிடிபரனோயா ஆகியவை சந்தேகமான இடங்களைத் திரும்பத் திரும்பப் படித்து ஒப்பிட்டுப் பார்க்கும். திருப்தி இல்லாத இடத்தைச் சொல்லும். பர்ன் செய்து முடித்த புது வட்டையும் நான் இப்படித்தான் சோதிக்கிறேன். அதற்கெல்லாம் பொறுமை இல்லை என்றால் கடைசித் தடத்தை மட்டுமாவது, எழுதிய டிரைவில் இல்லாமல் வேறொரு பிளேயரில், முழுசாகக் கேளுங்கள்.

ஏற்கெனவே கரகரக்க ஆரம்பித்துவிட்ட வட்டு என்றால், முதலில் அதை மறுபடி மறுபடி ஓட்டிப் பார்ப்பதை நிறுத்துங்கள். விரல் ரேகை இருந்தால் மெல்லிய ஈரத்துணியால், நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடையுங்கள். வட்டமாகத் துடைத்து ஒரு கீறல் விழுந்தால் அது சுருளின் போக்கிலேயே விழும், பிழைதிருத்தும் கணக்கால் தாங்க முடியாது. பற்பசை வைத்தியம் வேண்டவே வேண்டாம். அப்புறம், ஒரு டிரைவ் படிக்காததை இன்னொன்று படிக்கும். என்னிடம் ஐந்து டிரைவ்கள் இருக்கின்றன, ஒவ்வொன்றுக்கும் ஒரு குணம். ஒன்று பிடிவாதமாக மறுக்கும் வட்டை, பக்கத்தில் இருக்கும் பழைய டிரைவ் சாவகாசமாகப் படித்துக் கொடுக்கும். வேகத்தை 4எக்ஸ், 8எக்ஸ் என்று குறைத்துப் படிக்கவைப்பதும் பலமுறை கைகொடுத்திருக்கிறது.

அந்தப் பெண்மணியின் சிடியை அப்படித்தான் மூன்று டிரைவ்களில் மாற்றி மாற்றிப் படித்தேன். பதினொன்றாம் தடமும் பன்னிரண்டாம் தடமும் முழுசாகக் கிடைத்தன. கடைசித் தடத்தில் ஏறத்தாழ இருபது நொடி எந்த டிரைவிலும் வரவில்லை. விளக்குக்கு எதிரே பிடித்துக் காட்டினேன். விளிம்பை ஒட்டி வரிசையாக ஏழெட்டுப் புள்ளிகள் மின்னின. அவர் கொஞ்சநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "தம்பிகிட்ட இதே மாதிரி இன்னொண்ணு இருக்கு சார், நாளைக்கே எடுத்துட்டு வரேன்" என்றார்.