முருங்கைக்கு ஆன்மா உண்டா? ‘ப்சூக்கே’ என்ற கிரேக்கச் சொல்

அக்காள் மகள் கல்லூரியில் தத்துவம் படிக்கிறாள். போன மாதம் வகுப்புக் குறிப்பேட்டைத் தூக்கிக்கொண்டு வந்தவள், கொல்லையில் நிற்கும் முருங்கையைக் காட்டி, “மாமா, இதற்கும் ஆன்மா உண்டாமே. அப்படியானால் இதற்கும் மோட்சம் உண்டா?” என்று கேட்டாள். விளையாட்டுக்குக் கேட்கவில்லை. குறிப்பேட்டில் அப்படித்தான் எழுதியிருந்தது: “அரிஸ்டாட்டிலின் கருத்துப்படி ஆன்மா மூன்று வகைப்படும். தாவர ஆன்மா, விலங்கு ஆன்மா, பகுத்தறிவு ஆன்மா.” பக்கத்துக்குப் பத்து ஆன்மா.

‘புல்லாகிப் பூடாய்ப் புழுவாய் மரமாகி’ என்று சிவபுராணம் ஓதி வளர்ந்த பெண். ஆன்மா என்றதும் அவளுக்குப் பிறவியும் வினையும் வீடுபேறும் வரிசையாக நினைவுக்கு வருவதில் வியப்பில்லை. அரிஸ்டாட்டில் இவற்றில் ஒன்றையும் சொல்லவில்லை. குறிப்பேடு ஆன்மா என்று மொழிபெயர்த்தது அவர் எழுதிய ப்சூக்கே என்ற கிரேக்கச் சொல்லை. செடியின் ப்சூக்கே செடியோடு முடிந்துபோகும் என்பது அவர் கொள்கை. அவர் சொல்லாததையெல்லாம் ஒரே சொல்லால் சொல்லவைத்துவிட்டார்கள். இதை நான் கேட்பது முதல் முறையன்று. மேடைகளில், முன்னுரைகளில், வினாத்தாள்களில் இருபது ஆண்டுகளாகக் கேட்டு அலுத்துவிட்டது.

சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகப் பார்த்துவிடுவோம். ப்சூக்கே என்பது ஊதுதல், குளிர்வித்தல் என்ற பொருளுள்ள ப்சூக்கோ என்ற வினையோடு உறவுடையது. மூச்சு என்பது அடிப்பொருள். அதிலிருந்து, மூச்சு உள்ளவரை உள்ளது எதுவோ அதற்குப் பெயராயிற்று. வண்ணத்துப்பூச்சிக்கும் கிரேக்கர்கள் இதே பெயரைச் சொன்னார்கள். ‘சைக்கி’ என்பது ஆங்கில வாய்வழி வந்த உச்சரிப்பு. அந்த வழியில் வந்த இன்னொரு வடிவம் நம்மூரில் ‘சைக்கோ’ என்று ஆகி, கத்தியோடு அலைகிற கொலைகாரனுக்குப் பெயராக நிற்கிறது. பாவம், நல்ல சொல்.

இனி வழக்கைப் பார்ப்போம். ஹோமரின் போர்க்காவியமான இலியட்டின் 22ஆம் காண்டத்தில் கிரேக்க வீரன் அக்கிலீஸ், துரோய் இளவரசன் ஹெக்டரை அந்நகர மதிலைச் சுற்றித் துரத்துகிறான். அவர்கள் ஓடியது பந்தயத்தில் கொடுக்கும் மாட்டுத் தோலுக்காக அல்ல, ஹெக்டரின் ப்சூக்கேக்காக என்கிறார் ஹோமர். இதை ‘ஹெக்டரின் ஆன்மாவுக்காக ஓடினார்கள்’ என்று எழுதிப் பாருங்கள். பிரார்த்தனைக் கூட்டம்போல ஆகிவிடும். ‘ஹெக்டரின் உயிருக்காக ஓடினார்கள்’ என்றால் எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கும் நெஞ்சு படபடக்கும். கிரேக்கத்தில் உயிருள்ள பொருள் எம்ப்சூக்கோன், உயிரற்ற பொருள் அப்சூக்கோன். காந்தக்கல் இரும்பை இழுப்பதால் அதற்கும் ப்சூக்கே உண்டு என்று பழைய கிரேக்கச் சிந்தனையாளர் தேலீஸ் கருதியதாக அரிஸ்டாட்டில் குறிக்கிறார். கல்லுக்கு உயிர் இருக்கிறது என்றால் தேலீஸ் என்ன நினைத்தார் என்று உடனே விளங்குகிறது: அசைக்கிறது, ஆகவே உயிருள்ளது. கல்லுக்கு ஆன்மா இருக்கிறது என்றால் கற்பூரம் ஏற்றத்தான் தோன்றும்.

தமிழில் இதற்கு நேர்ச்சொல் உயிர். இது தற்செயலாகப் பொருந்தும் சொல்லும் அன்று. உயிர்த்தல் என்றால் மூச்சுவிடுதல். உயிர்ப்பு என்றால் மூச்சு. பெருமூச்சுக்கு நெட்டுயிர்ப்பு என்று பெயர். கிரேக்கச் சொல் நடந்த அதே தடத்தில், மூச்சிலிருந்து உயிர்நிலைக்கு, இதுவும் நடந்திருக்கிறது. ‘ஆன்மாவும் மூச்சோடு தொடர்புடைய சொல்தானே, ஜெர்மன் மொழியில் மூச்சுவிடுவதற்கு ஆட்மென் என்பார்களே’ என்று ஒருவர் என்னை மடக்கினார். இருக்கட்டும். வேர் எங்கே இருந்தால் என்ன? இன்று தமிழ்ச் செவியில் ஆன்மா என்ற சொல் மூச்சுவிடவில்லை.

வடசொல் என்பதால் நான் அதை விலக்கவில்லை. சைவ சித்தாந்தத்தில், வேதாந்தத்தில் அதற்குரிய இடத்தில் ஆன்மா கச்சிதமான கலைச்சொல். குறையே அந்தக் கச்சிதம்தான். அந்தச் சொல்லுக்குள் ஒரு தீர்ப்பு ஏற்கெனவே எழுதப்பட்டிருக்கிறது: ஆன்மா என்றால் அழியாதது. ‘ஆன்மா அழியுமா?’ என்று தமிழில் கேட்டால் கேட்டவனுக்குச் சொல் தெரியவில்லை என்றுதான் பொருள். ‘உயிர் போனபின் என்னவாகும்?’ என்று கேட்டால் அது கேள்வி.

கிரேக்கர்களுக்கு அது கேள்வியாகத்தான் இருந்தது. பொதுக்காலத்துக்கு முன் 399இல், ஏதென்ஸ் சிறையில், நஞ்சு குடிக்கும் நாளன்று சாக்ரடீஸ் நண்பர்களோடு பேசியதாகப் பிளேட்டோ எழுதிய உரையாடல் ஃபீடோ. அதில் நண்பர்களில் ஒருவனான கெபேஸ் எழுப்பும் ஐயம் இது: உடலை விட்டு வெளியே வந்த அன்றே ப்சூக்கே, மூச்சைப்போல, புகையைப்போலக் கலைந்து, எங்குமே இல்லாமல் போய்விடும் என்று மக்கள் அஞ்சுகிறார்களே. சாக்ரடீஸ் கேலி செய்கிறார்: அதுவும் காற்றடிக்கிற நாளில் செத்தால் இன்னும் பயம், இல்லையா? இந்தக் கேலி உயிருக்குப் பொருந்தும். ஆன்மாவைக் காற்று அடித்துக்கொண்டு போகும் என்று எந்தத் தமிழன் பயந்திருக்கிறான்? மொழிபெயர்ப்பில் ஆன்மா என்று போட்ட கணமே கெபேஸ் மூடனாகிவிடுகிறான். அவனுக்கு விடை சொல்ல ஒரு பகல் முழுவதும் செலவிட்ட சாக்ரடீஸ் வேலையற்றவராகிவிடுகிறார்.

அந்த உரையாடலின் கடைசி வாதம் முழுக்க இந்தச் சொல்லின்மேல்தான் நிற்கிறது. உடலில் எது இருந்தால் அது வாழும் உடலாக இருக்கும் என்று சாக்ரடீஸ் கேட்கிறார். ப்சூக்கே என்கிறான் கெபேஸ், யோசிக்காமலே. உயிர் என்று போடுங்கள்: விடை வாயில் தயாராக இருக்கிறது, வேறு விடையே இல்லை. அங்கிருந்து அவர் மேலே போகிறார். தீ எங்கே போனாலும் வெப்பத்தைக் கொண்டுபோகும், குளிரை ஏற்காது. உயிர் எங்கே போனாலும் வாழ்வைக் கொண்டுபோகும், ஆகவே வாழ்வின் எதிரியான சாவை அது ஏற்காது. வாதம் செல்லுமா செல்லாதா என்று பிறகு சண்டை போடலாம். முதலில் வாதம் விளங்க வேண்டுமே. ‘ஆன்மா’ என்று எழுதியவுடன் முதற்படியே கோட்பாடாகிவிடுகிறது. மாணவி அதை மனப்பாடம் செய்துகொண்டு போகிறாள்.

அரிஸ்டாட்டிலிடம் வந்தால் நிலைமை இன்னும் மோசம். கண் ஒரு தனி விலங்காக இருந்தால் பார்வைதான் அதன் ப்சூக்கே என்கிறார். மெழுகும் அதில் பதிந்த முத்திரை வடிவும் ஒன்றா என்று கேட்கத் தேவையில்லாததுபோல, உடலும் ப்சூக்கேயும் ஒன்றா என்றும் கேட்கத் தேவையில்லை என்கிறார். சில செடிகளை வெட்டினால் ஒவ்வொரு துண்டும் தனித்து வாழ்கிறது. அவற்றில் ப்சூக்கே நிகழ்நிலையில் (இப்போது இருக்கும்படி) ஒன்று, இயல்திறனில் (ஆகக்கூடியபடி) பல என்கிறார். மருமகளை முருங்கையடிக்கே அழைத்துப் போனேன். மூன்று ஆண்டுகளுக்கு முன் பக்கத்து வீட்டு மரத்திலிருந்து முழங்கை நீளத்துக்கு வெட்டி வாங்கி, நுனியில் சாணி அப்பி நட்ட போத்துதான் இன்று கூரையைத் தாண்டி நிற்கிறது. தாய்மரமும் சாகவில்லை. ‘உயிர் இரண்டாயிற்று’ என்றால் தோட்டக்காரருக்கும் புரியும். ‘ஆன்மா இரண்டாயிற்று’ என்று சொல்ல முடியுமா? ஆயுதங்கள் அதை வெட்டா, தீ அதை எரிக்காது என்றல்லவா கீதை சொல்கிறது? எதை வெட்டவே முடியாதோ அதன் பெயரை எடுத்து, வெட்டினால் இரண்டாவதற்குச் சூட்டியிருக்கிறோம்.

நமக்கோ தொல்காப்பியம் மரபியலில் வழியே போட்டு வைத்திருக்கிறது: ‘புல்லும் மரனும் ஓரறி வினவே’. ஓரறிவுயிர் தொடங்கி ஆறாவதாக மனம் சேர்வது வரை ஏறிப்போகும் படிவரிசை. அரிஸ்டாட்டிலும் படிதான் கட்டுகிறார்: ஊட்டமும் வளர்ச்சியும் மட்டும் உள்ள உயிர், அதனோடு புலனுணர்வும் உள்ள உயிர், அவற்றோடு அறிவும் உள்ள உயிர். இரண்டும் ஒன்றென்று நான் சொல்லவில்லை. புல்லுக்குத் தொடுவுணர்வு உண்டு என்பது நம்மவர் கணக்கு, அவர் செடிக்குப் புலனே இல்லை என்பார். ஆனால் எந்தச் சொல்லை வைத்து இப்படிப் படி கட்டலாம் என்பதில் ஐயமில்லை.

உயிர் என்றால் வெறும் உடலியல் அல்லவா, பிளேட்டோவின் ப்சூக்கே அறிகிறது, தேர்கிறது, மறுபிறவி எடுக்கிறது, அதற்கு உயிர் போதுமா என்பது எதிர்த்தரப்பின் வலுவான கேள்வி. போதும். ‘குடம்பை தனித்தொழியப் புள்பறந் தற்றே உடம்பொடு உயிரிடை நட்பு’ என்ற குறளில் கூட்டை விட்டுப் பறப்பது எது? உயிர் சாகும் என்பவரும், பறந்து போகும் என்பவரும் தமிழில் ஒரே சொல்லைத்தான் ஆண்டார்கள். கிரேக்கத்திலும் அப்படித்தான். பிளேட்டோ அழியாது என்றதும், அவருக்குப் பின் வந்த தத்துவவாதி எபிகூரஸ் அணுக்களாய்ச் சிதறிப்போகும் என்றதும் ஒரே ப்சூக்கேயை. ‘எபிகூரஸ் ஆன்மாவை அணுக்கூட்டம் என்றார்’ என்ற வாக்கியத்தில் அவர் அபத்தமாகப் பேசுகிறார்; ‘உயிரை அணுக்கூட்டம் என்றார்’ என்றால் ஓர் இயற்பியலாளர் பேசுகிறார்.

ஓரிடத்தில் மட்டும் எனக்கே கை தடுமாறும். பிளேட்டோவின் குடியரசு நூலின் நான்காம் பகுதியில் லியோன்டியஸ் என்பவன் பிரேயஸ் துறைமுகத்திலிருந்து ஏதென்ஸுக்கு வரும் வழியில், மதிலோரம் கொலைத்தண்டனை பெற்றவர்களின் பிணங்கள் கிடப்பதைக் காண்கிறான். பார்க்க ஆசை, பார்க்க அருவருப்பு. முகத்தை மூடிக்கொள்கிறான். கடைசியில் தோற்று, கண்களை அகலத் திறந்துகொண்டு ஓடி, “கேடுகெட்ட கண்களே, கண்குளிரப் பார்த்துத் தொலையுங்கள்” என்று அவற்றையே திட்டுகிறான். ப்சூக்கேயின் விரும்பும் பகுதியோடு சீறும் பகுதி மோதுவதற்கு இது சான்று. இங்கே ‘மனம்’ என்று எழுதத்தான் கை போகும். ஆனால் அதே நூலின் கடைசியில் இறந்தவர்களின் ப்சூக்கேகள் அடுத்த வாழ்க்கையைத் தேர்ந்தெடுக்க வரிசையில் நிற்கின்றன. மனங்கள் வரிசையில் நிற்கா. ஆகவே உயிர் என்றே வைத்துக்கொண்டு, ‘உயிரின் விரும்பும் கூறு’ என்று எழுதிவிடுகிறேன். கொஞ்சம் உறுத்தும். உறுத்தட்டும், கிரேக்கத்திலும் அந்த வாதம் புதிதாகத்தான் இருந்தது.

மற்றப் போட்டியாளர்களை விரைவாக அனுப்பிவிடலாம். உளம் இன்றைய உளவியலுக்கு நல்ல சொல், செடிக்கு ஆகாது. ஆதன் என்று எழுதும் தனித்தமிழ் அன்பர்கள் உண்டு. எனக்கு ஆதன் என்றதும் ஐங்குறுநூற்றில் அரசனை வாழ்த்தும் ‘வாழி ஆதன் வாழி அவினி’தான் காதில் விழுகிறது, வாழும் தமிழ்ச்சொல் ஒன்று கையில் இருக்கும்போது ஏன் தூசி தட்ட வேண்டும்? ஆவியை ஹோமரின் செத்தவர்களுக்கு மட்டும் விட்டுக்கொடுப்பேன். போரில் இறந்த நண்பன் பட்ரோக்ளஸின் ப்சூக்கே கனவில் வந்து, அக்கிலீஸ் கட்டிப்பிடிக்கப் போனதும் கீச்சிட்டுக்கொண்டு புகைபோல மண்ணுக்குள் மறைவது ஆவிதான். முருங்கையின் ஆவி என்றால் சாம்பார் கொதிக்கிறது.

சாவையும் இதே கதிக்கு ஆளாக்கியிருக்கிறார்கள். ஃபீடோவில் அதானதோன், அனோலெத்ரோன் என்று இரண்டு சொற்கள். முதலாவது சாவாதது, இரண்டாவது அழியாதது. உயிர் சாவாதது என்று காட்டியாயிற்று, சாவாதது அழியாததாகவும் இருக்குமா என்று சாக்ரடீஸ் தனியாகக் கேட்கிறார். கெபேஸ் அதை எளிதாக ஒப்புக்கொண்டுவிடுகிறான். வாதத்தின் பலவீனமான கணு அதுதான் என்று பலர் கைவைப்பது அங்கேதான். நம்மவர்கள் இரண்டுக்கும் ‘அமரத்துவம்’ என்று போட்டு மெழுகிவிடுகிறார்கள். சாவாமை, அழியாமை என்று இரண்டு சொற்கள் சும்மா கிடக்கின்றன. ‘சாவா மருந்தெனினும்’ என்று வள்ளுவர் எழுதவில்லையா?

எல்லாம் ஆங்கிலம் வழியே வருவதால் வரும் வினை. ஆங்கிலத்தில் ‘சோல்’ என்று ஒரு சொல், அகராதியில் அதற்கு எதிரே முதலில் கிடப்பது ஆன்மா, எடுத்து ஒட்டு. பிறகு அதே கையோடு ‘பிளேட்டோவும் உபநிடதங்களும்: வியக்கவைக்கும் ஒற்றுமை’ என்று கட்டுரை. தானே புதைத்த எலுமிச்சம்பழத்தைத் தானே தோண்டி எடுத்து அருள்வாக்குச் சொல்கிற கதை. உண்மையான ஒற்றுமை இருக்கலாம். தேடுவதற்கு முதலில் இரண்டுக்கும் இரண்டு பெயர் வேண்டும். இவர்களைவிடத் தமிழ் விவிலியத்தின் மொழிபெயர்ப்பாளர்கள் கவனமானவர்கள். கிரேக்க மூலத்தில் உள்ள அதே ப்சூக்கே, உயிரை இழப்பதும் காப்பதும் பேசப்படும் இடத்தில் ‘ஜீவன்’ ஆகிறது, உடலைக் கொல்பவனால் கொல்ல முடியாததைப் பேசும்போது ‘ஆத்துமா’ ஆகிறது. ஏற்கிறேனோ இல்லையோ, இடம் பார்த்து யோசித்திருக்கிறார்கள்.

மருமகளின் குறிப்பேட்டில் பென்சிலால் ஆன்மாவையெல்லாம் அடித்து உயிர் என்று திருத்திக் கொடுத்தேன். அவள் ஒருமுறை முழுக்கப் படித்துப் பார்த்தாள். இப்போதுதான் புரிகிறது என்றாள். பிறகு பையிலிருந்து அழிப்பானை எடுத்து, “தேர்வில் உயிர் என்று எழுதினால் மதிப்பெண் குறைத்துவிடுவார்கள், மாமா” என்று சொல்லிக்கொண்டே ஒவ்வொன்றாக அழித்துக்கொண்டிருந்தாள்.